33 வருசம், 8 குருமனை, ஒரு குயர் நோட்டு

ஐயர்னா, எங்க பக்கம் சர்ச் போதகர அப்படித்தான் கூப்பிடுவோம், ஞாயித்துக்கிழமை வெள்ள அங்கி போட்டுட்டு ரெண்டு மணி நேரம் வேல, மிச்ச ஆறு நாளும் குருமனையில, அதான் சபை கொடுக்கிற பங்களாவுல, ஈசி சேர்னு நெனைக்கிறவங்க வெளியில இல்ல, நம்ம சபைக்குள்ளயேதான் நெறைய இருக்காங்க. என் மச்சானே இன்னிக்கு வரைக்கும் அப்படித்தான் நம்பிக்கிட்டு இருக்கான். 1990ல டீக்கனா, அதாவது முழு ஐயர் ஆகுறதுக்கு முந்தின படியில, அபிஷேகம் ஆகி 2023ல ரிட்டயர் ஆனேன், அத்தனையும் தென் மாவட்டத்து சி.எஸ்.ஐ. (தென்னிந்தியத் திருச்சபை) சேகரங்கள்லதான், சேகரம்னா ஒரு ஐயர் பொறுப்புல இருக்கிற சபை வட்டாரம். செமினரிக்குப் போகலாமான்னு யோசிக்கிற பசங்க ரெண்டு மூணு பேர் சமீபத்துல வந்து கேட்டாங்க, அவங்ககிட்ட பேசினத அப்படியே எழுதிப் போட்டுடலாம்னு உக்காந்தேன். எந்த ஊரு, எந்தத் திருமண்டலம் (ஒரு பிஷப்போட எல்லை)னு மட்டும் கேக்காதீங்க, உயிரோட இருக்கிற மனுசங்க கத இது.

"நீங்க ஆங்கிலிக்கனா, இல்லையா?"ன்னு வெளிநாட்டுல இருந்து லீவுக்கு வர்ற நம்ம பசங்க கேப்பாங்க. ஆங்கிலிக்கன்னா இங்கிலாந்து திருச்சபை வழி வந்தவங்க. பாதி ஆமா. எங்க பகுதியில சபைய நட்டது சி.எம்.எஸ்., எஸ்.பி.ஜி.ன்னு ரெண்டு ஆங்கிலிக்கன் மிஷன். வெள்ளாளன்விளைங்கிற செம்மண் ஊர்ல ஒரு ஐயரோட மகனாப் பொறந்த வேதநாயகம் அசரியாதான் 1912 டிசம்பர் 29ல கல்கத்தாவுல முதல் இந்திய ஆங்கிலிக்கன் பிஷப்பா அபிஷேகம் ஆனவரு. அப்புறம் நாட்டுக்கு சுதந்திரம் கெடச்சு ஆறு வாரத்துல, 1947 செப்டம்பர் 27, மெட்ராஸ் செயிண்ட் ஜார்ஜ் கதீட்ரல்ல ஆங்கிலிக்கன், மெத்தடிஸ்ட், பிரஸ்பிடேரியன், காங்கிரகேஷனல் எல்லாம் சேந்து சி.எஸ்.ஐ. ஆச்சு. பிஷப்பு கைவச்சு அபிஷேகம் பண்ணுற முற, ஜெபப் புஸ்தகத்தோட வாசன, அங்கி, லெந்துங்கிற தவக்காலம், கல்யாண அறிவிப்பான ஓலை வாசிக்கிறது இதெல்லாம் அந்த வீட்டுச் சீர். கமிட்டி, ஓட்டு, தேர்தல் இதெல்லாம் மத்த வீட்டுச் சீர்னு நாங்க எங்களுக்குள்ள சிரிச்சுக்குவோம்.

உள்ள நுழையிறது லேசு இல்ல. சொந்த சேகரக் கமிட்டி சிபாரிசு பண்ணணும், சபை ஊழியரா கிராமத்துல வேல பாத்துக் காட்டணும், நேர்முகம், அப்புறம்தான் பி.டி.ங்கிற இறையியல் பட்டப் படிப்பு. நான் போனப்ப எனக்கு 28 வயசு, கிரேக்கம் ஒரு பக்கம், எபிரேயம் ஒரு பக்கம், எபிரேயத்துல எழுத்த வலமிருந்து இடமாப் படிக்கப் பழகறதுக்குள்ள ஒரு பருவம் முடிஞ்சு போச்சு. பட்டம் கொடுக்கிறது வங்காளத்துல இருக்கிற செராம்பூர் காலேஜ், 1827ல டென்மார்க் ராஜா கொடுத்த சாசனத்த வச்சு இன்னிக்கும் பட்டம் கொடுக்கிறாங்க, அந்தக் காகிதத்த வாங்குறப்ப எனக்கே சிரிப்பா வந்துச்சு. முதல்ல டீக்கன். டீக்கன் திருவிருந்துல (அப்பமும் ரசமும் கொடுக்கிற ஆராதனை) ரசப் பாத்திரம் பிடிக்கலாம், அப்பரசத்த பிரதிஷ்டை பண்ண முடியாது, பாவமன்னிப்பு கூற முடியாது. அந்த ஒரு வருசத்த வீண்னு நெனைக்காதீங்க, பெரிய ஐயர் எங்க தடுமாறுறாருன்னு பக்கத்துல நின்னு பாக்கக் கெடைக்கிற ஒரே வருசம் அதுதான்.

தனியா எனக்குன்னு கெடச்ச முதல் சேகரத்துல போய் எறங்குனது ஒரு மே மாசம். லாரியில இருந்து கட்டில எறக்கிக்கிட்டு இருக்கேன், முந்தி இருந்த ஐயர் ஏற்கெனவே போயிட்டாரு, மேசையில சாவிக்கொத்து, அதுக்கு அடியில ஒரு குயர் நோட்டு. திறந்து பாத்தா ஜெபமோ வாழ்த்தோ ஒண்ணும் இல்ல. "வடக்குத் தெரு மூணாவது வீட்டுப் பாட்டிக்கு காது கேக்காது, இடது பக்கம் உக்காந்து பேசவும். பொருளாளரும் பாடகர் குழுத் தலைவரும் 1984ல இருந்து பேச்சு வார்த்த இல்ல, காரணம் கேக்கவேண்டாம். சமயக்கட்டு ஓடு மழைக்கு முந்தி மாத்தணும். இந்த ஏழு பேருக்கு வீட்டுல போய் திருவிருந்து கொடுக்கணும், மாசம் தவறக்கூடாது." இப்படி பதினோரு பக்கம். நாலு வருச பி.டி.யில கத்துக்காதத அந்த ராத்திரி அரிக்கேன் வெளிச்சத்துல கத்துக்கிட்டேன், சும்மா சொல்லல. அப்பவே முடிவு பண்ணேன், எந்தச் சேகரத்துல இருந்து கெளம்பினாலும் அடுத்து வர்றவருக்கு இந்த மாதிரி ஒண்ணு எழுதி வச்சிட்டுத்தான் கெளம்பணும்னு. எட்டு குருமனையிலயும் எழுதி வச்சிருக்கேன்.

ஏன்னா இந்த வேலையில எதுவுமே உங்களுது இல்ல. மூணு வருசம், நாலு வருசம், அதிகம் போனா அஞ்சு, மாறுதல் வந்துடும். நீங்க நட்ட முருங்கையில காய் பறிக்கிறது வேற ஐயர்.

நோட்டுக்கு அடுத்து ரிஜிஸ்தர். ஞானஸ்நானம், திடப்படுத்தல், திருமணம், அடக்கம் நாலுக்கும் தனித்தனிப் புஸ்தகம், சில பழைய சேகரங்கள்ல நூறு வருசத்துக்கு மேல உள்ள புஸ்தகமே இருக்கும், ராமபாணப் பூச்சி அரிச்சு சல்லட மாதிரி. ஒருநாள் மத்தியானம் ஒரு பெரியவர் வந்தாரு, எழுபது இருக்கும், பேரனோட பேச்சுல ஏதோ வெளிநாட்டு விசாவுக்கு தன் பொறந்த தேதிக்கு ஆதாரம் வேணுமாம், வேற எங்கயும் பதிவு இல்ல. ரெண்டு மணி நேரம் தேடுனோம், பக்கம் பக்கமா மயிலிறகால தூசி தட்டி. கெடச்சிருச்சு, ஆனா அவரு பேருக்குப் பதிலா அவரோட அண்ணன் பேர எழுதி வச்சிருக்காரு அந்தக் காலத்து ஐயரு. "ஒரு சின்ன அடி அடிச்சுத் திருத்திருங்க ஐயா, யாருக்குத் தெரியப் போகுது"ன்னாரு. இந்த எடத்துலதான் புது ஐயருங்க வழுக்கி விழுவாங்க. பழைய பதிவு மேல பேனா வைக்கவே கூடாது. ஓரத்துல இன்ன தேதி, இன்ன சாட்சியத்த வச்சு இன்ன திருத்தம்னு தனியா எழுதி, ரெண்டு பேர் கையெழுத்தோட விடணும், சர்டிபிகேட்டுலயும் அந்த ஓரக்குறிப்ப சேத்தே காப்பி எடுக்கணும். அவருக்கு வருத்தம்தான், ஆனா அலைச்சல் இல்லாம வேல முடிஞ்சுது.

இன்னொரு விசயம் ரிஜிஸ்தரோட வரும், அதுக்கு செமினரியில பதில் இல்ல. ஒரு பையன், காலேஜ் ரெண்டாம் வருசம், ஒவ்வொரு வாரமும் கடைசி பெஞ்சுல வந்து உக்காருவான். ஞானஸ்நானம் வேணும், ஆனா புஸ்தகத்துல எழுதக்கூடாதுன்னு கேட்டான். 1950 ஜனாதிபதி உத்தரவுப்படி இந்துவா இருந்தாத்தான் எஸ்.சி., அப்புறம் 1956ல சீக்கியரையும் 1990ல பௌத்தரையும் சேத்தாங்க, கிறிஸ்தவன்னு பதிவானா தமிழ்நாட்டுல பி.சி. ஆயிடுவான், அவன் ஸ்காலர்ஷிப், வேல எல்லாம் அதுல தொங்கிக்கிட்டு இருக்கு. ஒரு மனுசனோட ஏழ்மையும் அவன் பட்ட அவமானமும் ஞானஸ்நானத் தண்ணியில கரைஞ்சு போயிடும்னு நெனைக்கிற சட்டம் என்ன சட்டமோ. எழுதாம கொடுக்கிறது என்னால முடியாதுப்பா, நீ நெனைக்கிற அன்னிக்கு வா, நான் இருக்கிற ஊருக்கு வான்னு சொன்னேன். வரல. ஆனா நான் அங்க இருந்த வரைக்கும் கடைசி பெஞ்சு காலியா இருந்ததே இல்ல, நானும் திரும்ப அந்தப் பேச்ச எடுக்கல. அடுத்த ஐயருக்கு நோட்டுல ஒரே ஒரு வரி: "கடைசி பெஞ்சுப் பையன்கிட்ட எதுவும் கேக்கவேண்டாம்."

கல்யாணத்த சுருக்கமா சொல்லிடுறேன். மூணு ஞாயிறு ஓலை வாசிக்கணும், பொண்ணுக்கு 18 பையனுக்கு 21, பேரு ஸ்பெல்லிங்க ஸ்கூல் சர்டிபிகேட்டப் பாத்து நீங்களே எழுதுங்க, மாமா சொல்றத கேட்டு எழுதாதீங்க. கோயில்ல கையெழுத்துப் போட்டதோட முடியல, தமிழ்நாட்டு 2009 சட்டப்படி 90 நாளைக்குள்ள சார்பதிவாளர்கிட்டயும் பதியணும்னு கல்யாணத்தன்னிக்கே சொல்லி அனுப்புங்க, தேன்நிலவு முடிஞ்சு யாருக்கும் ஞாபகம் இருக்காது. 1872 கிறிஸ்தவ திருமணச் சட்டப்படி காலை 6க்கும் சாயங்காலம் 7க்கும் நடுவுலதான் நடத்தணும். ஒருதடவ மாப்ள வீட்டு வேன் வழியில பஞ்சர், வந்து சேரும்போது மணி 6.35. பாட்டு ரெண்டு கட், பிரசங்கம் மொத்தமா கட், வாக்குறுதி முடிச்சு தாலி கட்டி முடிக்கும்போது கோயில் கடிகாரத்துல 6.53. அதுதான் ஐயர் பண்ணுன நல்ல பிரசங்கம்னு இன்னிக்கும் அந்த ஊர்ல சொல்றாங்களாம்.

சாவு அப்படி இல்ல.

1992, எனக்கு அனுபவம் பத்தாத நேரம். சேகரத்துல ஒரு சின்ன ஊர்ல இருபது வயசுப் பொண்ணு, தானா உயிர விட்டுருச்சு. இங்கிலாந்து சபையோட 1662 ஜெபப் புஸ்தகத்துல அடக்க ஆராதனைக்கு முன்னாடி ஒரு குறிப்பு இருக்கு, ஞானஸ்நானம் வாங்காதவங்க, சபைய விட்டு விலக்கப்பட்டவங்க, தன் உயிர தானே மாய்ச்சுக்கிட்டவங்க இவங்களுக்கு இந்த முறைய வாசிக்கக் கூடாதுன்னு. அந்தப் புஸ்தகம் எங்க கையில இருந்து போயி ரொம்ப நாளாச்சு, ஆனா அந்த வரி மட்டும் ஊர்ல அப்படியே நின்னுருச்சு. கமிட்டி பெரியவங்க நாலு பேரு வந்து, பொணம் கோயிலுக்குள்ள வரக்கூடாது, மணி அடிக்கக் கூடாது, ஐயர் அங்கி போடக் கூடாது, வழக்கம் அப்படின்னாங்க. நான் எதுத்துப் பேசல. பயம்தான், வேற பேரு வைக்க வேண்டாம். சாதா வேட்டி சட்டையில வீட்டுல போய் ஜெபம் பண்ணேன், கல்லறைத் தோட்டத்துல மதிலோரமா ஒரு மூலையில வச்சாங்க. திரும்பி நடக்கும்போது அந்தப் பொண்ணோட அம்மா ஏங்கிட்ட கேட்டது ஒண்ணே ஒண்ணுதான்.

"ஐயா அங்கி கொண்டு வரலியா?"

மறந்துட்டு வந்துட்டேன்னு நெனைச்சிருக்கு அந்தம்மா. நான் ஒண்ணும் சொல்லல. அடுத்த நவம்பர் 2 கல்லறைத் திருநாளுக்கு அங்கி, ஸ்டோல் எல்லாம் போட்டுட்டு மத்த எந்தக் கல்லறைக்கும் போகும் முந்தி நேரா மதிலோரம் போய் நின்னு முழு ஆராதனையும் வாசிச்சேன். அந்தம்மா மெழுகுவத்தியப் பிடிச்சுக்கிட்டு நின்னுச்சு. அதனால முந்தி செஞ்சது சரியாயிடுச்சுன்னு நான் சொல்ல மாட்டேன், சரியாகல. 2009ல வேற சேகரத்துல அதே மாதிரி ஒரு சாவு, இந்தத் தடவ மணி அடிக்கச் சொல்லிட்டு, பெட்டிய கோயிலுக்குள்ள கொண்டு போயிட்டு, அப்புறம்தான் கமிட்டிக்குச் சொன்னேன். ஒருத்தரும் வாயத் திறக்கல. பதினேழு வருசத்துக்கு முந்தியும் ஒருவேள திறந்திருக்க மாட்டாங்களோ என்னவோ, அந்த யோசன வந்தா ராத்திரி தூக்கம் போயிடும். படிக்கிற பசங்களுக்கு நான் சொல்றது, முன்கூட்டியே, யாரும் சாகாத ஒரு சாதாரண மாசக் கூட்டத்துல இந்த விசயத்தப் பேசி முடிவெடுத்து மினிட்ஸ்ல ஏத்திடுங்க. பொணத்த நடுவுல வச்சுக்கிட்டு யாரும் யோசிக்க மாட்டாங்க.

காசு. ஸ்தோத்திரப் பண்டிகைங்கிற நன்றித் திருநாளுக்கு எங்க பக்கம் ஏலம் உண்டு, காணிக்கையா வந்த வாழத்தார், சேவல், பனங்கருப்பட்டி எல்லாம் ஏலம் போகும், ஒரே முட்டைய அஞ்சு பேர் எடுத்து அஞ்சு பேரும் திரும்ப கோயிலுக்கே கொடுத்து ஆறாவது ஆளு ஆம்லேட் போட்டதையும் பாத்திருக்கேன். 1998ல ஏலம் முடிஞ்சு எண்ணாத காசு ராத்திரி குருமனை டிரங்குப் பெட்டியில இருந்துச்சு, அதுவே முதல் தப்பு. பதினோரு மணிக்கு ஒருத்தன் ஓடி வர்றான், பொண்டாட்டிக்குப் பிரசவம் சிக்கல், ஆஸ்பத்திரியில அஞ்சாயிரம் கட்டச் சொல்றாங்கன்னு. எடுத்துக் கொடுத்தேன். தாயும் பிள்ளையும் பொழைச்சுது. காலையில கமிட்டி எண்ணும்போது வாயால சொன்னேன், எல்லாரும் தலையாட்டுனாங்க, ஒரு மாசம் கழிச்சு பிஷப்புக்கு மொட்டக் கடுதாசி போயிருக்கு. விசாரிக்க ரெண்டு மூத்த ஐயருங்க வந்தாங்க. அந்த மனுசன் தானா வந்து மூணு தவணையில கட்டுன ரசீதக் காட்டுனதால தப்பிச்சேன், ஆனா அந்த ஒரு மாசம் என் சம்சாரம் கடத்தெருவுக்குப் போகல. கொடுத்தத நான் இன்னிக்கும் தப்புன்னு சொல்ல மாட்டேன், எழுதாம கொடுத்தேன் பாருங்க, அதுதான் தப்பு. காணிக்கப் பைய தனியா தொடாதீங்க, ரெண்டு பேர் முன்னாடி எண்ணி, துண்டுச் சீட்டுல எழுதி, கையெழுத்து வாங்கி, அன்னிக்கே பொருளாளர் கையில. அவசரத்துக்குன்னு கமிட்டி தீர்மானத்தோட ஒரு சின்ன ஏழை நிதி தனியா வச்சுக்கோங்க, அதுல இருந்து கொடுங்க, ராத்திரி பதினோரு மணிக்கும் கொடுங்க.

திருவிருந்துப் பாத்திரத்தப் பத்தியும் சொல்லணும். சில சேகரங்கள்ல திருவிருந்துக்கு யாரு முதல்ல முழங்கால் போடுறதுன்னு எழுதாத ஒரு வரிசை உண்டு, ஒரே பாத்திரத்துல யாரு வாய் வச்ச பிறகு யாரு வாய் வைக்கிறதுங்கிறதுதான் கணக்கு, சாதிங்கிற சொல்ல மட்டும் யாரும் சொல்ல மாட்டாங்க. கத்திப் பிரசங்கம் பண்ணிப் பாத்தேன், ஆமென்னு சொல்லிட்டு அதே வரிசையில வந்தாங்க. அப்புறம் பிரசங்கத்த விட்டுட்டு, ஒரு வாரம் வலப்பக்கம் இருந்து, ஒரு வாரம் இடப்பக்கம் இருந்து, ஒரு வாரம் கடைசி வரிசைய முதல்ல வரச் சொல்லி மாத்திக்கிட்டே இருந்தேன். ரெண்டு குடும்பம் ஆறு மாசம் வரல. ஒரு குடும்பம் திரும்பி வந்துச்சு. இன்னொண்ணு வேற சபைக்குப் போயிடுச்சு, போகட்டும். அப்புறம் கொரோனா வந்து 2020 ஏப்ரல் 12 ஈஸ்டருக்கு பூட்டுன கோயில்ல நானும் என் சம்சாரமும் செல்போனும் மட்டும், அதுக்குப் பின்னாடி ஆளுக்கொரு சின்னக் கிண்ணம் வந்துச்சு, சுகாதாரம்னு வாங்குனோம், ஆனா சில பேர் அந்தக் கிண்ணத்த அவ்வளவு சந்தோசமா எடுத்ததுக்கு காரணம் கிருமி இல்லன்னு எனக்குத் தெரியும்.

வீட்டாளுகளப் பத்திப் பேசாம ஐயர் வாழ்க்க முழுசாகாது. என் மக அஞ்சு ஸ்கூல் மாறுனா. நெருங்கிப் பழகுன பிள்ளைங்களோட போட்டோ ஒவ்வொரு ஊருலயும் ஒண்ணு, கீழ பேரு எழுதி வச்சிருப்பா, மறந்துடுமேன்னு. பங்களாவுல கதவத் தட்டாம ஆளு உள்ள வருவாங்க, பொது வீடு பாருங்க. சனிக்கிழம சாயங்காலம் சண்ட போடுற வசதி எங்களுக்குக் கெடையாது, மறுநாள் காலையில "சமாதானம் உங்களோடே"ன்னு கைய நீட்டணுமே. வார நடுவுல ஒருநாள் லீவு எடுத்தே தீரணும், நான் எடுக்காம இருபது வருசம் ஓட்டுனேன், பெருமயா வேற சொல்லிக்கிட்டேன், சுகர் வந்ததுதான் மிச்சம். அப்புறம் வீடு. அங்கி போட்ட நாள்ல இருந்து எலவச வீட்டுல இருக்கிறதால சொந்தக் கூரை ஞாபகமே வராது, ரிட்டயர் ஆகுற மாசம் முடிஞ்சா சாவியக் கொடுத்துட்டு தெருவுல நிக்கணும். முதல் சம்பளத்துல இருந்தே மாசம் கொஞ்சம்னு ஒதுக்குங்க. நாங்க ஐம்பது வயசுக்கு மேல என் சம்சாரத்தோட நகைய வித்து ரெண்டு ரூம் கட்டுனோம், அதுவும் ஓட்டு வீடு.

குருத்துவத்துக்கு ரிட்டயர்மென்ட் கெடையாது, சேகரத்துக்குத்தான். 2023 மே மாசம் கடைசிப் பொறுப்ப ஒப்படைச்சேன். எடுத்துக்க வந்தது ஒரு பொம்பள ஐயர், முப்பத்தி நாலு வயசு. 1976ல இருந்தே சி.எஸ்.ஐ.யில பொம்பளைங்களுக்கு அபிஷேகம் உண்டு, ஆனாலும் அந்த ஊருக்கு அவங்கதான் முதல்முற. ஐயரோட சம்சாரத்த ஐயரம்மான்னு கூப்பிட்டுப் பழகுன ஊரு, இப்ப இவங்களயே எப்படிக் கூப்பிடறது, பேங்க்ல வேல பாக்கிற இவங்க வீட்டுக்காரர எப்படிக் கூப்பிடறதுன்னு கமிட்டியில அர மணி நேரம் விவாதம் நடந்துச்சு, சத்தியமா. கடைசியில இவங்க "அம்மா", அவரு "சார்".

பதினாலு சாவி, நாலு ரிஜிஸ்தர், ஏழை நிதிக் கணக்கு, அப்புறம் நோட்டு. இந்தத் தடவ முப்பத்தாறு பக்கம். பக்கம் பக்கமா விரல வச்சு என் முன்னாடியே படிச்சாங்க, நடுவுல ஒரு எடத்துல நிமுந்து பாத்துட்டு ஒண்ணும் கேக்காம அடுத்த பக்கத்துக்குப் போனாங்க, அப்பவே எனக்குப் பிடிச்சுப் போச்சு.

பத்து நாள் இருக்கும், விடிகாலம் அஞ்சேகாலுக்கு போன் அடிக்குது. "ஐயா மன்னிச்சுக்கோங்க, மணி அடிக்கிற தாத்தா இன்னும் வரல, வீட்டுலயும் கதவு பூட்டியிருக்கு, ஏதும் ஆச்சோன்னு பயமா இருக்கு"ன்னாங்க. எனக்கு தேதி டக்குனு ஒறைச்சுது. அன்னிக்கு அவரு சம்சாரம் எறந்த நாளு. வருசா வருசம் அன்னிக்கு கல்லறைக்குப் போயிடுவாரு, மணிய நான்தான் போய் அடிப்பேன், பழகிப் போனதால நோட்டுல ஏத்தணும்னே தோணல.

"கல்லறையில இருப்பாரும்மா, ஏழு மணிக்கு வந்துருவாரு, எதுவும் கேக்காதீங்க. இன்னிக்கு மட்டும் நீங்களே அடிச்சிருங்க. இடது பக்கக் கயிறு அந்து போய்க் கெடக்கு, வலது பக்கத்த இழுங்க."

"ஒரு நிமிசம் இருங்க ஐயா, தேதியச் சொல்லுங்க, எழுதிக்கிறேன்."